சாரற் பருவமும் சுலைமானித் தேநீரும்

பெரும்பொழுது ஆறனுள் ஆனியும் ஆடியும் முதுவேனில் என்பது நம் வகுப்பறைகளில் ஆண்டுதோறும் சொல்லித்தரும் பாடம். மதுரையிலும் திருச்சியிலும் இருந்து இதனைக் கற்பார்க்கு ஐயம் எழுவதில்லை. செங்கோட்டைக் கணவாயின் அடிவாரத்திலிருந்து வரும் மாணவர் மட்டும் சற்றே நகைப்பர். அவர்தம் ஊர்களில் ஆனி பிறந்ததும் போர்வை தேடும் காலம் தொடங்கிவிடுகின்றது. கேரளத்தில் தென்மேற்குப் பருவமழை ஊன்றியபின், மேற்குத் தொடர்ச்சி மலையின் அவ்விடைவெளி வழியே ஈரக்காற்று உட்புகுந்து, செங்கோட்டை, குற்றாலம், தென்காசி, கடையநல்லூர் முதலான ஊர்களின்மேல் மெல்லிய தூறலாகச் சொரியும். மழை என்று குடை விரிக்கவும் மனம் வராது. மழையில்லை என்று துணி உலர்த்தவும் இயலாது. அதனையே சாரல் என்கிறோம். இலக்கணம் முதுவேனில் என்று வகுத்த திங்களில் எங்கள் வீட்டிற்குள் கூதிர் வந்து அமர்ந்துகொள்ளும்.

அச்சாரல் நாள்களில், மஃரிபுத் தொழுகைக்குப்பின் எங்கள் அடுக்களையிலிருந்து ஒரு மணம் எழும். ஏலமும் கிராம்பும் பட்டையும் முன்னே வரும். எலுமிச்சை சற்றுப் பின்னே வரும். பால் சேராத அத்தேநீருக்குச் சுலைமானி என்று பெயர். அதனை முறையாகச் செய்வது எவ்வாறு என்பதும், ஒவ்வொரு படிக்கும் காரணம் யாது என்பதும், அது எதனைச் செய்யும், எதனைச் செய்யாது என்பதும் இக்கட்டுரையின் பொருளாகும். தமிழ்த்துறை மலரில் அடுக்களைச் செய்தி எதற்கு என வினவும் பெரியோர் சற்றுப் பொறுத்தருள வேண்டும். கடைசியாகச் சொன்ன பொருளுக்காகவே நாம் எழுத முற்பட்டோம். அதன் காரணம் பின்னர் வரும்.

பெயரும் வழியும்

எம் வாப்பா கோழிக்கோட்டு வலியங்காடியில் ஒரு மண்டியில் கணக்கெழுதினார்கள். செங்கோட்டைக்கும் கொல்லத்திற்கும் இடையே 1904ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற மீட்டர் பாதையில் புகைவண்டி ஏறி, கொல்லத்தில் வண்டி மாறிச் செல்வார்கள். (அப்பாதை அகலப்பாதையாக மாற்றப்பெற்று 2018இல் முழுமையாகத் திறக்கப்பட்டபோது அதில் பயணம் செய்ய வாப்பா இல்லை.) பெருநாளைக்கு ஊர் திரும்பும்போது அவர்கள் கொணர்ந்தவை அல்வாவும் நேந்திரங்காய் வறுவலும் மட்டுமல்ல, இத்தேநீரின் பக்குவமும் அவ்வாறு வந்ததே. மலபார் மாப்பிள்ளை வீடுகளில் பிரியாணி உண்டபின் சுலைமானி அருந்துவது வழக்கம். ஐதராபாத்திலும் சுலைமானிச் சாய் உண்டு. சுலைமான் என்னும் பெயரின் மேல் 'இ' என்னும் ஈறு ஏறி, 'சுலைமானுக்கு உரியது' எனப் பொருள்தரும் சொல் அது. அரபு, உருது மொழிகளில் இவ்வீறு பெருவழக்கு. 2012இல் வெளிவந்த 'உஸ்தாத் ஓட்டல்' என்னும் மலையாளத் திரைப்படம் இப்பெயரை மலபாருக்கு வெளியேயும் பரப்பியது. 2015இல் கோழிக்கோடு மாவட்ட ஆட்சியகம், பசித்தோர் எவரும் கூச்சமின்றிச் சீட்டுக் கொடுத்து உணவகங்களில் உண்ணும் திட்டமொன்றைத் தொடங்கியபோது, அதற்குச் சுலைமானியின் பெயரையே சூட்டியது. ஒரு தேநீரின் பெயர் இவ்வளவு பணி செய்வது அரிது.

எங்கள் இல்லத்தில் இதற்கு வேறொரு சிறு வழக்கும் நடந்தது. உம்மா இதனைத் 'தேத்தண்ணி' என்பார்கள். வாப்பா 'சாயா' என்பார்கள். எது சரி என்று நாங்கள் சிறுவயதில் வாதிட்டதுண்டு. பின்னாளில் அறிந்தோம், இரண்டும் சீனச் சொற்களே. சீனத்தின் தென்கிழக்குக் கடற்கரைப் பேச்சில் 'தே' என்றும், பிற பகுதிகளில் 'சா' என்றும் அப்பயிர் வழங்கியது. கப்பல் வழியே முன்னது பரவிற்று. பின்னது பெரும்பாலும் தரைவழியே பாரசீகம் ஈறாகப் பரவிற்று. 'தேயிலை' என்பதில் உள்ள தமிழ் 'இலை' என்பது மட்டுமே. ஒரே கூரையின்கீழ் இரு சீன ஒலிப்புகள் முப்பது ஆண்டுகள் ஒற்றுமையாக வாழ்ந்தன.

தேயிலை கீழ்த்திசையிலிருந்து சொல்லோடு வந்தது. இதனுள் இடும் வேறு இரு பொருள்களோ நம் திசையிலிருந்து சொல்லோடு சென்றன. இஞ்சியை எடுத்துக்கொள்வோம். பாலியில் 'சிங்கிவேர', வடமொழியில் 'சிருங்கவேர', கிரேக்கத்தில் 'சிங்கிபெரிஸ்', அரபியில் 'ஸன்ஜபீல்' என அச்சொல் திரிந்து சென்றது. அதன் மூலம் திராவிட மொழிகளின் 'இஞ்சி', 'வேர்' என்னும் இரு சொற்களின் கூட்டே என மொழிநூலார் பலர் கருதுவர். ஆங்கிலத்தார் இன்று வழங்கும் சொல்லும் அவ்வழி வந்ததே. சுவனத்தார்க்கு வழங்கப்படும் பானத்தில் ஸன்ஜபீல் கலந்திருக்கும் என்னும் செய்தி திருக்குர்ஆனின் 76ஆம் அத்தியாயம் 17ஆம் வசனத்தில் வருகின்றது. அவ்வசனத்தை ஓதும் தமிழ் மாணவர், அச்சொல்லுக்குள் தம் மொழியின் வேர் கிடப்பதை எண்ணிப் பார்க்கலாம். நாரத்தையும் அத்தகையதே. அது வடமொழியில் 'நாரங்க' என்றும், பாரசீகத்தில் 'நாரங்' என்றும், அரபியில் 'நாரஞ்ச்' என்றும், ஸ்பானியத்தில் 'நாரஞ்சா' என்றும் ஆயிற்று. ஆங்கிலத்தில் முதலெழுத்து உதிர்ந்து 'ஆரஞ்சு' ஆகி, பின்னர் நம்மிடமே புதுச்சொல் போலத் திரும்பி வந்தது. மலையாளத்தார் எலுமிச்சையைச் 'செறுநாரங்ஙா' என இன்றும் அழைப்பர். கோழிக்கோட்டுக் கடையில் சுலைமானியில் பிழியப்படுவது அதுவே.

வேண்டுவன

உம்மாவிடம் அளவு கேட்டால் 'கொஞ்சம்' என்பார்கள். 'எவ்வளவு கொஞ்சம்?' என்றால் 'கை அறியும்' என்பார்கள். கை அறிந்ததைத் தாள் அறியவேண்டும் என்று எண்ணி, ஒரு விடுமுறையில் வேதியியல் துறை நண்பரிடம் அளவுக்குவளை ஒன்றை இரவல் பெற்று, உம்மாவின் அருகில் நின்று ஒவ்வொன்றையும் அளந்தோம். 'தேத்தண்ணி போட லேப்பு எதுக்குடா?' என்று கேட்டார்களேயன்றி மறுக்கவில்லை. ஐந்து நாள்கள் அளந்ததில் அவர்களின் 'கொஞ்சம்' பெரிதும் மாறவேயில்லை என்பது எமக்கு வியப்பளித்தது. கீழே தரும் அளவு நால்வர்க்குரியது.

தண்ணீர் 800 மில்லிலிட்டர். ஏலக்காய் 4, தோல் வெடிக்கும் அளவிற்கு நசுக்கியது. கிராம்பு 4. பட்டை ஓர் அங்குலத் துண்டு. தோல் சீவித் தட்டிய இஞ்சி பெருவிரல் நுனியளவு. அல்லது சுக்கு அதிற் பாதி. தேயிலை இரண்டு தேக்கரண்டி. தூளாயின் ஒன்றே போதும். சர்க்கரை ஐந்து தேக்கரண்டி, கருப்பட்டியாயின் சுவைக்கேற்ப. எலுமிச்சம்பழம் நடுத்தர அளவில் ஒன்று. விரும்பின் புதினா இலை சில.

இவற்றுள் மூன்று பொருள்களைப் பற்றிச் சற்று விரித்துரைக்க வேண்டும்.

முதலாவது பட்டை. 'இலவங்கம்' என்பது கிராம்பையும், 'இலவங்கப்பட்டை' என்பது வேறொரு மரத்தின் பட்டையையும் குறிப்பதால் புதியோர் மயங்குவர். ஒன்று மலர்மொட்டு, மற்றது மரப்பட்டை, இரண்டும் ஒரே மரத்தின் பொருள்கள் அல்ல. இலங்கைத் தமிழர் 'கராம்பு', 'கறுவா' என வேறுவேறு பெயரிட்டு இம்மயக்கத்தைத் தவிர்த்தனர். அன்றியும், கடைகளில் பட்டை என்ற பெயரில் இருவகை விற்கின்றன. இலங்கைக் கறுவா காகிதச் சுருள் போல மெல்லிய பல அடுக்குகளாய் இருக்கும், கையால் நொறுக்கலாம். மற்றது காசியா எனப்படும் தடித்த ஒற்றைப் பட்டை; உடைக்க வலிமை வேண்டும். பின்னதில் கூமரின் என்னும் பொருள் மிகுதி. அதனை நாள்தோறும் மிகுதியாகக் கொண்டால் ஈரலுக்கு ஊறு நேரலாம். எப்போதோ ஒருமுறை பிரியாணியில் இடுவதற்கு எது ஆயினும் கவலையில்லை. சாரல் காலம் முழுதும் நாள்தோறும் அருந்துவோர் கறுவாவையே தேடி வாங்குதல் நன்று.

இரண்டாவது எலுமிச்சை. நம் நாட்டுப் பழம் சிறியது, மெல்லிய தோலினது, புளிப்பு மிக்கது. எங்கள் பகுதியில் புளியங்குடி அதற்குப் பேர்பெற்ற சந்தை. 'எலுமிச்சை நகரம்' என்றே அவ்வூரைக் கூறுவர். பச்சைக் காயைவிட, மஞ்சள் படர்ந்து, விரலால் அழுத்தினால் சற்றே இளகும் பழமே சாறு தரும். கொட்டையை நீக்கிப் பிழிதல் வேண்டும். கொட்டையிலும் தோலின் உட்புற வெண்பகுதியிலும் கசப்புப் பொருள் உண்டு. மணத்திற்காகத் தோலையும் இட விரும்புவோர், வெளிப்புற மஞ்சட் பகுதியை மட்டும் மெல்லியதாகச் சீவி இடுக. கமலாப்பழம் கிடைக்கும் நாள்களில் அதன் தோலிலிருந்து விரல் நீளச் சீவல் ஒன்றினை உம்மா இடுவதுண்டு. நாரத்தைத் தோல் இதற்கு ஆகாது. அது ஊறுகாய்க்கே உரியது.

மூன்றாவது தேயிலை. பால்தேநீருக்கெனச் சந்தையில் விற்கும் நுண்தூள் விரைவில் நிறம் விடும். கடுப்பும் விரைவில் ஏறும். பால் அக்கடுப்பைத் தணிக்கும். சுலைமானியில் பால் இல்லை. ஆதலின் நீலகிரியின் இலைத்தேயிலை கிடைப்பின் அதனையே கொள்ளலாம். அதன் நறுமணம் மெல்லியது, எலுமிச்சையோடு முரண்படாது.

செய்முறை

பாத்திரம் எவர்சில்வராகவோ, கண்ணாடியாகவோ, உட்புறம் ஈயம் பூசியதாகவோ இருத்தல் வேண்டும். பூச்சுத் தேய்ந்த பித்தளையிலும் அலுமினியத்திலும் புளிப்பு பட்டால் உலோகம் கரையும். பழைய வீடுகளில் ஆண்டுக்கொருமுறை ஈயம் பூசுவோர் தெருவில் வந்தமைக்கு இதுவே காரணம்.

தண்ணீர் குளிர்ந்திருக்கும்போதே ஏலம், கிராம்பு, பட்டை, இஞ்சி ஆகியவற்றை இட்டு அடுப்பில் ஏற்றுக. கொதி வந்ததும் தீயைத் தணித்து மூடி, ஏழு நிமிடம் விடுக. மூடுவது இன்றியமையாதது. இந்நறுமணங்கள் ஆவியாகும் எண்ணெய்கள். திறந்து வைத்தால் மணம் வீடு முழுதும் பரவும், குவளையில் இராது. வழிப்போக்கர்க்கு மணமும் நமக்கு வெந்நீரும் எஞ்சும்.

ஏழு நிமிடம் ஆனதும் அடுப்பை அணைத்துவிடுக. அதன்பின்னரே தேயிலையை இடுதல் வேண்டும். மீண்டும் மூடி, இலையாயின் மூன்று நிமிடமும், தூளாயின் ஒன்றரை நிமிடமும் வைத்து வடிகட்டுக. தேயிலையைக் கொதிக்க விடுவதே நம் வீடுகளில் நிகழும் பெரும்பிழை. கொதிக்கக் கொதிக்கத் துவர்ப்பு ஏறி நாவைப் பற்றும். பலர் அதனை 'ஸ்ட்ராங்கு' எனப் போற்றுவர். பாலும் சர்க்கரையும் இட்டு மறைக்கும் வரையில் அது போற்றத்தக்கதே.

வடித்த நீரில் சர்க்கரையைக் கரைக்க வேண்டும். புதினா இடுவோர் இப்போது இடலாம். பின்னர் ஒரு நிமிடம் ஆறவிட்டு, குவளைகளில் ஊற்றியபின், ஒவ்வொரு குவளையிலும் ஒரு தேக்கரண்டி எலுமிச்சைச் சாறு விடுக. ஒரு பழத்தின் சாறு நால்வர்க்கும் போதும், எஞ்சவும் கூடும். சாறு அடுப்பில் ஏறக்கூடாது. அதன் புதுமணமும் உயிர்ச்சத்து 'சி'யும் கொதியில் குன்றும்.

பால் சேர்க்கலாமா என மாணவர் சிலர் கேட்டனர். கூடாது. பாலிலுள்ள கேசின் என்னும் புரதம் புளிப்பு பட்டதும் திரியும். குவளையில் தேநீரும் பன்னீர்க்கட்டியும் தனித்தனியே நிற்கும்.

சாறு விழுந்த அக்கணத்தில் குவளையைக் கவனிக்க வேண்டும். கரும்பழுப்பாக இருந்த நீர் நொடியில் பொன்னிறமாகத் தெளியும். எம் இளமையில் இதனை உம்மாவின் கைவித்தை என்றே நம்பியிருந்தோம். தேயிலையின் நிறப்பொருள்களாகிய தியாரூபிஜின், தியாஃபிளேவின் ஆகியன மெல்லிய அமிலத் தன்மை உடையவை. எலுமிச்சையின் அமிலம் சேர்ந்ததும் அவற்றின் அயனி நிலை மாறுகின்றது. அதனால் நிறம் வெளுக்கின்றது. தேயிலையின் சாரம் எதுவும் அழிவதில்லை. மறுதலையாக, ஒரு சிட்டிகை சமையல் சோடா இட்டால் அதே தேநீர் கருக்கும். வீட்டில் சிறுவர் இருப்பின் இரண்டையும் அருகருகே செய்து காட்டலாம். பின்னதை அருந்தத் தர வேண்டா.

உடல் எவ்வாறு சூடேறுகின்றது

'உடம்பு சூடேறும்' என்று கூறுகின்றோம். உண்மையில் ஒரு குவளைத் தேநீரால் உடலின் வெப்பநிலை குறிப்பிடத்தக்கவாறு உயர்வதில்லை. சூட்டை உணரும் நரம்பு முனைகளில் தனிப்பட்ட ஏற்பிகள் உள்ளன. வெந்நீர் பட்டாலும் அவை தூண்டப்படும். மிளகாயின் காரம் பட்டாலும் அவையே தூண்டப்படும். அவ்வேற்பியைக் கண்டறிந்தமைக்காகவும், தொடுகை பற்றிய ஆய்விற்காகவும் டேவிட் ஜூலியஸ், ஆர்டெம் படபூட்டியன் ஆகிய இருவருக்கும் 2021இல் மருத்துவ நோபல் பரிசு வழங்கப்பெற்றது. இஞ்சியின் ஜிஞ்சரால், சுக்கின் ஷோகால் ஆகியனவும் அதே கதவைத்தான் தட்டுகின்றன. இஞ்சி உலர்ந்து சுக்காகும்போது ஜிஞ்சராலின் ஒரு பகுதி ஷோகாலாக மாறுகின்றது. ஷோகாலுக்குக் காரம் மிகுதி. சுக்கின் அளவை இஞ்சியிற் பாதியாக உம்மா குறைத்தது இதனால்தான் போலும். அவர்கள் ஷோகாலை அறியார்கள். 'சுக்கு கோவக்காரன்' என்று மட்டும் சொல்வார்கள்.

கிராம்பின் யூஜினால் நாவைச் சற்றே மரக்கச் செய்யும். பல்வலிக்குக் கிராம்பெண்ணெய் தடவுவது அப்பண்பினாலேயே. தொண்டைக் கரகரப்பிற்குச் சுலைமானி இதமளிப்பதில் வெந்நீரின் பங்கே பெரிது. நறுமணப் பொருள்களின் பங்கு அதற்குத் துணை.

ஒரு காய்ச்சலின் கதை

இனி, முன்னர்க் கூறுவதாகச் சொன்ன காரணத்திற்கு வருகின்றோம். 2012ஆம் ஆண்டு, அன்றைய திருநெல்வேலி மாவட்டத்தின் பல ஊர்களில் டெங்குக் காய்ச்சல் கடுமையாகப் பரவியது. எங்கள் ராத்தாவின் மகனுக்கு அப்போது ஒன்பது வயது. காய்ச்சல் கண்ட முதல் நாள், 'சாரல் காத்து பட்டிருக்கும்' என்று உம்மா சுலைமானி போட்டுக் கொடுத்தார்கள். பிள்ளை விரும்பிக் குடித்தான். இரண்டாம் நாளும் அவ்வாறே. மூன்றாம் நாள் காய்ச்சல் இறங்கியது. வீட்டில் அனைவரும் மகிழ்ந்தோம். தேநீர் வென்றது என்றே பேசிக்கொண்டோம். அன்றிரவு வயிற்றுவலி என்றான், வாந்தி எடுத்தான், பின் கண்ணைத் திறக்க இயலாமல் சோர்ந்து கிடந்தான். விடிவதற்குள் மருத்துவமனையில் சேர்த்தோம். ஒன்பது நாள்கள் கழித்து வீடு திரும்பினான். இன்று அவன் நம்மைவிட உயரம்.

டெங்குவில் காய்ச்சல் தணியும் வேளையே ஏதம் நிறைந்த வேளை என்பதை அன்று எம்முள் ஒருவரும் அறிந்திலோம். முதுகலையும் எம்.ஃபில்லும் பயின்ற நாமும் அறிந்திலோம். மூன்றாம் நாளுக்கும் ஏழாம் நாளுக்கும் இடையே, காய்ச்சல் இறங்கும்போதுதான் குருதிக் குழாய்களிலிருந்து நீர் கசிந்து உடல் நிலைகுலையக்கூடும். கடும் வயிற்றுவலி, நில்லாத வாந்தி, ஈறிலோ மூக்கிலோ குருதி, அமைதியின்மை, மிகுந்த சோர்வு, சிறுநீர் குறைதல் ஆகியவற்றுள் ஒன்று தோன்றினும் காத்திருத்தல் ஆகாது. ஆஸ்பிரின், புரூஃபென் போன்ற மாத்திரைகளை மருத்துவர் சொல்லாமல் தருதலும் ஆகாது. அவை குருதிக்கசிவைக் கூட்டும். காய்ச்சல் இரண்டு நாள்களைக் கடந்தால் குருதி ஆய்வு செய்தல் வேண்டும். நீராகாரம் தருவது நல்லதே. சுலைமானியும் நீர்தான் என்ற அளவில் தீங்கு செய்யவில்லை. அது மருந்தென்று நாங்கள் நம்பி இழந்த இரண்டு நாள்களே தீங்கு செய்தன.

அந்நிகழ்ச்சிக்குப்பின் உம்மா ஒரு சாரல் காலம் முழுதும் சுலைமானி போடவில்லை. கேட்டால் 'பால் தேத்தண்ணியே குடிங்க' என்பார்கள். தம் கையால் பிள்ளைக்கு ஊறு நேர்ந்தது என்னும் எண்ணம் அவர்களை விட்டு அகலவில்லை. மருத்துவர் கூறியவற்றையெல்லாம் நாம் பலமுறை எடுத்துரைத்தும் பயனில்லை. மறு ஆண்டு ஆனியில், அப்பேரனே அடுக்களைக்குச் சென்று, 'உம்மம்மா, எனக்கு அந்தப் பொன்கலர் டீ வேணும்' என்று கேட்ட பின்னர்தான் ஏலக்காய் டப்பா திறந்தது.

சில விலக்குகள்

நம் கல்லூரி மாணவியர் பலர் காலை உணவின்றியோ, உண்ட கையோடு தேநீர் அருந்தியோ வகுப்பிற்கு வருகின்றனர். தேயிலையின் டானின் பொருள்கள், கீரையிலும் பருப்பிலும் உள்ள இரும்புச்சத்தைப் பற்றிக்கொண்டு உடலிற் சேரவிடாமல் தடுக்கும். எலுமிச்சையின் உயிர்ச்சத்து 'சி' அவ்விரும்பைச் சேர்க்க உதவும். சுலைமானியில் இவ்விரண்டும் எதிரெதிரே நிற்கின்றன. எலுமிச்சை இருப்பதால் தேயிலையின் தடை முற்றும் நீங்கிவிடும் என்று கொள்ளவேண்டா. இரத்தச்சோகை உடையோரும் கருவுற்ற பெண்டிரும் உணவிற்கும் தேநீருக்கும் இடையே ஒரு மணிநேரமேனும் விடுதல் நன்று. எலுமிச்சையைச் சோற்றிலும் கீரையிலும் பிழிந்துகொண்டால் அதன் பயன் முழுமையாகக் கிட்டும். இறைச்சியிலுள்ள இரும்பை டானின் அவ்வளவாகத் தடுப்பதில்லை. ஆதலின் பிரியாணிக்குப்பின் சுலைமானி அருந்தும் மலபார் வழக்கத்தின்மேல் நாம் வழக்குரைக்க வரவில்லை.

சர்க்கரைக்கு மாற்றாகத் தேன் விடுவோர் உளர். ஓராண்டு நிரம்பாத மழலைக்குத் தேன் ஒரு துளியும் தருதல் கூடாது. தேனில் சிற்சில வேளை இருக்கும் ஒருவகை நுண்ணுயிரின் விதைமம் அவர்தம் குடலில் முளைத்து நஞ்சு உண்டாக்கும். மூத்தோர் நாவில் தேன் தடவும் வழக்கமுடைய இல்லங்கள் இதனைக் கருத்திற் கொள்க. நெஞ்செரிச்சல் உடையோர் வெறும் வயிற்றில் இதனை அருந்தாதிருத்தல் நலம். அருந்தியபின் வாயை வெறுநீரால் கொப்பளித்தால் புளிப்பு பல்லின்மேல் தங்காது.

எலுமிச்சை விலையேறும் நாள்களுக்கு மாற்று ஒன்று உண்டு. வளைகுடா நாடுகளிலிருந்து திரும்புவோர் பெட்டியில் சுண்டைக்காய்ப் பருமன் முதல் எலுமிச்சைப் பருமன் வரை, கருத்துச் சுருங்கிய உருண்டைகள் சில கிடக்கும். வீட்டார் கெட்டுப்போனவை என எறிந்துவிடுவதும் உண்டு. அவை உப்புநீரில் வேகவைத்து வெயிலில் உலர்த்திய எலுமிச்சைகள். ஓமானில் 'லூமி' என்றும், ஈராக்கில் 'நூமி பஸ்ரா' என்றும் வழங்குவர். ஈராக்கியர் அதனைக் கொண்டே தேநீர் செய்வர். அதில் தேயிலை இடுவதில்லை. இரண்டு உருண்டைகளைத் தட்டி உடைத்து, கொட்டையைக் கொட்டிவிட்டு, அரை லிட்டர் நீரில் எட்டு நிமிடம் கொதிக்கவைத்துச் சர்க்கரை சேர்த்தால், புகைமணம் கலந்த புளிப்புடன் கரும்பொன் நிறத்தில் கிடைக்கும். பச்சை எலுமிச்சையைக் கொதிக்கவிடலாகாது என்ற விதி இதற்குப் பொருந்தாது. கூடுதலாகக் கொதித்தால் மட்டும் கசக்கும். இதில் டானினும் இல்லை. உறக்கத்தைக் கெடுக்கும் காஃபீனும் இல்லை. ஆகவே இஷாவிற்குப்பின் தேநீர் கேட்கும் முதியோர்க்கு இதனைத் தரலாம்.

உம்மாவிற்கு இப்போது சர்க்கரை நோய். அளந்து எழுதிய தாளில் ஐந்து தேக்கரண்டி என்று இருந்ததை அடித்து, அவர்களின் குவளைக்கு மட்டும் 'இல்லை' என்று எழுதி அடுக்களைச் சுவரில் ஒட்டியுள்ளோம். இனிப்பில்லாச் சுலைமானியில் ஓர் ஏலக்காயைக் கூட்டி, எலுமிச்சையை அரைத் தேக்கரண்டியாகக் குறைத்தால் புளிப்பு முன்னிற்பதில்லை. அம்மாற்றத்தைச் சொன்னவர்களும் உம்மாவே. இம்முறை 'கொஞ்சம்' என்று சொல்லவில்லை. 'அரைக் கரண்டி, எழுதிக்கோ' என்றார்கள்.